ஸ்டிர்லிங், பிரான்சிஸ்

19ஆம் நூற்றாண்டின் பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி. 'திசில்' என்ற பீரங்கிப் படகின் தலைவராக 1875இன் பேராக் போரில் பங்கேற்றவர்.

1874 ஜனவரி 20 அன்று கையெழுத்தான பங்கோர் ஒப்பந்தம் மலாய் நாடான பேராக்கில் ரெசிடென்ட் எனும் பிரிட்டிஷ் ஆலோசகர் பதவியை ஏற்படுத்தியது. முதல் ரெசிடென்ட் ஜே. டபிள்யூ. டபிள்யூ. பர்ச், 1875 நவம்பர் 2 அன்று பாசிர் சாலாக்கில் ஆற்றங்கரைக் குளியல் கொட்டகையில் இருந்தபோது ஈட்டியால் குத்திக் கொல்லப்பட்டார். பழிவாங்கப் போன முதல் பிரிட்டிஷ் படை நவம்பர் 7 அன்று தோற்றது. அதை நடத்திய கேப்டன் இன்னஸ் மாண்டார். நவம்பர் 15 அன்று ஸ்டிர்லிங்கின் மாலுமிகள் பீரங்கிகளோடும் ராக்கெட்டுகளோடும் பேராக் ஆற்றில் படகுகளில் ஏறிச் சென்றனர். கரையோர மரஅரண்கள் ஒவ்வொன்றாக வீழ்ந்தன. பாசிர் சாலாக் எரிக்கப்பட்டது. சாலைகள் இல்லாத அந்நாளில் ஆறே வழி. ஆற்றைப் பிடித்தவர் கையில்தான் நாடு. இப்போரைத் தரைப்படையின் வெற்றியாக மட்டும் எழுதுவது சரியல்ல.

எரிந்தது மக்கள் குடியிருந்த கிராமம் என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். எதிர்ப்பை முன்னின்று நடத்திய மகாராஜா லேலா 1877இல் தூக்கிலிடப்பட்டார். அதே ஆண்டில் பேராக்கின் கோலகங்சாரில் ரப்பர் கன்றுகள் ஊன்றப்பட்டன; தமிழர்களைப் பேராக் தோட்டங்களுக்கு அழைத்துவந்த வரலாறு அதன் பின்னரே விரிகிறது.

கேப்டனாக உயர்ந்த ஸ்டிர்லிங், 'அட்டலாண்டா' என்ற பயிற்சிக் கப்பலுக்குத் தலைமையேற்றார். 1880 ஜனவரி 31 அன்று பெர்முடாவிலிருந்து இங்கிலாந்துக்குப் புறப்பட்ட அக்கப்பல், அவர் உட்பட 280 பேருக்கு மேற்பட்டவர்களோடு அட்லாண்டிக்கில் காணாமற்போனது.