தந்த கையே தடுத்தது: கிரையோஜெனிக் எஞ்சினும் அமெரிக்கத் தடையும்

திருவனந்தபுரம்: 1963 நவம்பர் 21-ஆம் தேதி மாலை, திருவனந்தபுரத்தை அடுத்த தும்பா கடற்கரைக் கிராமத்திலிருந்து இந்தியாவின் முதல் ஆய்வு ராக்கெட் விண்ணில் பாய்ந்தது. 'நைக்-அப்பாச்சி' என்ற அந்த ராக்கெட்டை அளித்தது அமெரிக்காவின் நாசா. அதன்பின் முப்பது ஆண்டுகள் நிறைவடைவதற்குள், இதே நகரின் விஞ்ஞானிகள் எதிர்பார்த்துக் காத்திருந்த கிரையோஜெனிக் எஞ்சின் தொழில்நுட்பத்துக்குத் தடை போட்டதும் அமெரிக்காதான். ஒரு வல்லரசு படையெடுக்காமலேயே பிற நாடுகளின் வளர்ச்சிக்கு எவ்வாறு எல்லை வகுக்கிறது என்பதற்கு இது தெளிவான சான்று.

ஒப்பந்தம் என்ன?

சுமார் 36,000 கி.மீ. உயரத்தில் இயங்கும் எடை மிகுந்த தகவல் தொடர்பு செயற்கைக்கோள்களைச் செலுத்த, ராக்கெட்டின் மேல் அடுக்கில் ஆற்றல் மிக்க எஞ்சின் தேவை. மைனஸ் 253 டிகிரி செல்சியஸில் திரவமாகும் ஹைட்ரஜனும், மைனஸ் 183 டிகிரியில் திரவமாகும் ஆக்சிஜனும் சேர்ந்து எரியும் எஞ்சினே கிரையோஜெனிக் எஞ்சின். இந்தியாவிடம் அது இல்லாததால், இன்சாட் வரிசைச் செயற்கைக்கோள்கள் வெளிநாட்டு ராக்கெட்டுகளையே நம்பியிருந்தன.

இந்நிலையில் 1991 ஜனவரியில் சோவியத் ஒன்றியத்தின் கிளாவ்காஸ்மாஸ் நிறுவனத்துடன் இஸ்ரோ ஒப்பந்தம் செய்தது. சுமார் ரூ.235 கோடிக்கு எஞ்சின்களையும், அவற்றைத் தயாரிக்கும் தொழில்நுட்பத்தையும் வழங்க சோவியத் தரப்பு இசைந்தது. திருவனந்தபுரம் அருகே வலியமலாவில் உள்ள திரவ உந்துவிசை அமைப்பு மையம் இத்திட்டத்தின் பொறுப்பை ஏற்றிருந்தது.

அமெரிக்காவின் வாதம்

1992 மே மாதம் இஸ்ரோ, கிளாவ்காஸ்மாஸ் ஆகிய இரு அமைப்புகள் மீதும் அமெரிக்கா இரண்டு ஆண்டுத் தடை விதித்தது. ஜி-7 நாடுகள் 1987-இல் உருவாக்கிய ஏவுகணைத் தொழில்நுட்பக் கட்டுப்பாட்டு ஏற்பாட்டை இந்த ஒப்பந்தம் மீறுவதாக அது கூறியது. ஒப்பந்தம் கையெழுத்தானபோது இந்தியாவோ சோவியத் ஒன்றியமோ அந்த ஏற்பாட்டில் உறுப்பினர் அல்ல. ஆயினும், 1990-இல் அமெரிக்கா தனக்காக இயற்றிய சட்டம், வேறு இரு நாடுகளுக்கு இடையிலான வணிகத்தைத் தண்டிக்கப் பயன்பட்டது.

அமெரிக்காவின் ஐயத்துக்கு முற்றிலும் அடிப்படை இல்லை என்று கூற இயலாது. 1989-இல் சோதிக்கப்பட்ட அக்னி ஏவுகணையின் முதல் அடுக்கு, எஸ்.எல்.வி-3 ராக்கெட்டிலிருந்து பெறப்பட்டது. ஆனால் அது திட எரிபொருளில் இயங்குவது. கடுங்குளிர் எரிபொருளை ராக்கெட்டில் நீண்ட காலம் நிரப்பி வைத்திருக்க முடியாது. ஏவுவதற்குச் சற்று முன்னரே நிரப்ப வேண்டும். நொடிப் பொழுதில் பாயத் தயாராக இருக்க வேண்டிய போர் ஏவுகணைக்கு அது பொருந்தாது என்பதே இந்தியாவின் பதில்.

அளவுகோலும் ஒன்றாக இருக்கவில்லை. பாகிஸ்தானுக்கு எம்-11 ஏவுகணைத் தொழில்நுட்பம் அளித்ததாகச் சீன நிறுவனங்கள் மீது 1991-இல் விதித்த தடையை, 1992 மார்ச்சில் அமெரிக்கா விலக்கிக்கொண்டது. இந்தியா மீதான தடை வந்தது அதற்கு இரண்டே மாதங்களுக்குப் பின்னர்.

பின்வாங்கிய ரஷ்யா

சோவியத் ஒன்றியம் சிதறி, ரஷ்யப் பொருளாதாரம் மேற்கத்திய உதவியை எதிர்நோக்கி நின்ற காலம் அது. 1993 ஜூலையில் தொழில்நுட்பத்தை வழங்குவதில்லை என்று ரஷ்யா ஒப்புக்கொண்டது. அமெரிக்காவுடனான விண்வெளி ஒத்துழைப்பும் வணிக ஏவுதல் வாய்ப்புகளும் அதற்குத் திறந்தன. திருத்தப்பட்ட ஒப்பந்தத்தின்படி இந்தியாவுக்குக் கிடைத்தவை ஏழு எஞ்சின்கள் மட்டுமே. தயாரிப்பு நுட்பம் கிடைக்கவில்லை. 1994-இல் இஸ்ரோ சொந்தமாக எஞ்சின் உருவாக்கும் திட்டத்தைத் தொடங்கியது.

அதே ஆண்டு நவம்பர் 30-ஆம் தேதி, கிரையோஜெனிக் திட்டத்துக்குத் தலைமை வகித்த, நாகர்கோவிலைச் சேர்ந்த விஞ்ஞானி நம்பி நாராயணனை உளவுக் குற்றச்சாட்டில் கேரள போலீசார் கைது செய்தனர். குற்றச்சாட்டு பொய்யானது என 1996-இல் சிபிஐ அறிக்கை அளித்தது. அவருக்கு ரூ.50 லட்சம் இழப்பீடு வழங்க 2018-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. இவ்வழக்கின் பின்னணியில் அமெரிக்க உளவு அமைப்பின் சதி இருந்ததாக அவர் கூறி வருகிறார். எந்த நீதிமன்றமும் அதை உறுதி செய்யவில்லை. பொய் வழக்கைப் புனைந்ததற்கான பொறுப்பை வெளிநாட்டின் மீது மட்டும் சுமத்திவிட முடியாது என்பதையும் மறக்கலாகாது.

இழந்த காலம்

ரஷ்ய எஞ்சின் பொருத்திய முதல் ஜி.எஸ்.எல்.வி. 2001 ஏப்ரலில் ஏவப்பட்டது. உள்நாட்டு எஞ்சினுடன் 2010 ஏப்ரலில் நடந்த முதல் முயற்சி தோல்வியடைந்தது. திருநெல்வேலி மாவட்டம் மகேந்திரகிரி வளாகத்தில் தொடர்ந்த சோதனைகளுக்குப் பிறகு, 2014 ஜனவரி 5-ஆம் தேதி ஜி.எஸ்.எல்.வி.-டி5 வெற்றி பெற்றது. முதல் ஒப்பந்தம் கையெழுத்தாகி அப்போது 23 ஆண்டுகள் ஆகியிருந்தன. தடையே தற்சார்புக்கு வித்திட்டது என்று பெருமை கொள்வோர் உண்டு. அதில் உண்மை இருந்தாலும், எடை மிகுந்த செயற்கைக்கோள்களை அயல்நாட்டு ராக்கெட்டுகளில் அனுப்பச் செலவிட்ட பணமும், கடந்துபோன காலமும் திரும்பி வரவில்லை.

மாறியது எது?

1998 பொக்ரான் அணுகுண்டுச் சோதனைக்குப் பின் மீண்டும் தடைகள் வந்தன. விக்ரம் சாராபாய் விண்வெளி மையமும் வலியமலா மையமும் 2011 ஜனவரியில்தான் அமெரிக்காவின் ஏற்றுமதிக் கட்டுப்பாட்டுப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டன. 2016 ஜூனில், எந்த ஏற்பாட்டைக் காட்டித் தடை விதிக்கப்பட்டதோ அதிலேயே இந்தியா உறுப்பினரானது. இடைப்பட்ட காலத்தில் எஞ்சினின் இயல்பு மாறவில்லை. சீனாவின் எழுச்சிக்குப் பின் இந்தியாவின் நட்பு அமெரிக்காவுக்குத் தேவைப்பட்டது. 'ஆபத்து' என்ற சொல்லின் பொருளும் அதற்கேற்ப மாறியது.

2025 ஜூலை 30-ஆம் தேதி, நாசாவும் இஸ்ரோவும் இணைந்து உருவாக்கிய நிசார் செயற்கைக்கோளை, உள்நாட்டு கிரையோஜெனிக் எஞ்சின் பொருத்திய ஜி.எஸ்.எல்.வி. ராக்கெட் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து சுமந்து சென்றது. அதே நாளில், இந்தியப் பொருட்கள் மீது 25 சதவீத வரியும், ரஷ்யாவுடன் வணிகம் செய்வதற்காகத் தனி அபராதமும் விதிக்கப்படும் என்று அமெரிக்க அதிபர் டொனால்ட் டிரம்ப் அறிவித்தார். 1992-இல் எஞ்சின், 2025-இல் கச்சா எண்ணெய். ரஷ்யாவிடம் இந்தியா எதை வாங்கலாம் என்பதைத் தீர்மானிக்கும் உரிமை தனக்கு உண்டு என்ற அமெரிக்காவின் நிலைப்பாடு மட்டும் மாறவில்லை.