பாம்பும் குருவும்

பாம்பென்றால் படையும் நடுங்கும் என்பார்கள். அந்தப் பாம்பைக் கையில் வைத்துக்கொண்டு, டெலிவிஷன் டாக்குமெண்டரிகளில் சாவதானமாக அதன் சுபாவத்தை விளக்கிப் பெயர் வாங்கியவர் ராமுலஸ் விட்டேக்கர். 1943-இல் நியூயார்க்கில் பிறந்தவர். 1972-இல் அடையாற்றுக்கு அண்டையில், கிண்டியில், பாம்புப் பண்ணை வைத்தவர். ராஜநாகத்தைப் பற்றி அவர் எடுத்த படத்துக்கு 1998-இல் எம்மி விருது கிடைத்தது.

இத்தனை வித்தையையும் எங்கே கற்றார்? கொஞ்சம் அமெரிக்காவில், மயாமி பாம்புப் பண்ணையில்; மிச்சம் நம் செங்கற்பட்டு இருளர்களிடம். மண்ணில் கிடக்கும் தடத்தைப் பார்த்தே பாம்பின் வளையைக் கண்டுபிடித்துவிடும் ஜனங்கள் அவர்கள். பாம்புத் தோல் விற்றுப் பிழைத்தார்கள். 1972-ஆம் வருஷத்து வனவிலங்குச் சட்டத்துக்குப் பிறகு அந்தப் பிழைப்பும் போயிற்று.

1978-இல் அவர்களுக்கென்று ஒரு கூட்டுறவுச் சங்கம் ஏற்பட விட்டேக்கர் துணைநின்றார். பாம்பைப் பிடித்து, விஷத்தை எடுத்துக்கொண்டு, மறுபடி காட்டிலே விட்டுவிடுவது சங்கத்தின் வழக்கம். அந்த விஷத்தைக் கொண்டுதான் பாம்புக்கடிக்கு மருந்து தயாராகிறது. 2018-இல் அவருக்குப் பத்மஸ்ரீ. 2023-இல் மாசி சடையன், வடிவேல் கோபால் என்ற இரண்டு இருளர்களுக்கும் பத்மஸ்ரீ.

திரையில் தோன்றும் நிபுணரை நான் ஒரே கேள்வியால் எடை போடுவேன்: சொல்லிக்கொடுத்தவன் வீட்டில் அடுப்பு எரிகிறதா என்று பார்த்தாரா? விட்டேக்கர் பார்த்தார்.