சிமோன் சின்யோரே: நடிகை எழுதின புத்தகம்

ஒரு நடிகை புத்தகம் எழுதினால் எங்களுக்கு முதலில் வாற கேள்வி, "ஆர் எழுதிக் குடுத்தது?" எண்டதுதான். பிரெஞ்சு நடிகை சிமோன் சின்யோரேயும் அந்தப் பேச்சைக் கேட்டவர். அவரது வாழ்க்கையைப் பார்த்தால், அவர் ஏன் எழுத வேண்டி வந்தது எண்டதுதான் முக்கியமான கேள்வி எண்டு நாங்கள் நினைக்கிறம்.

1921இல் ஜேர்மனியின் வீஸ்பாடனில் பிறந்தவர். அப்பா போலந்து வழிவந்த யூதர். குடும்பப் பெயர் கமின்கர். 1940இல் நாஸிகள் பிரான்ஸைப் பிடிக்க, அப்பா லண்டனுக்குப் போய் து கோலோடு சேர்ந்தார். தாயும் இரண்டு தம்பிமாரும் மிச்சம். உழைக்க வேண்டியது சிமோன். அவருக்குக் கிடைத்த வேலை, ஜேர்மனியரோடு ஒத்துழைத்த ஒரு பத்திரிகையின் ஆசிரியரிடம் செயலாளர் வேலை. சில மாதங்களில் அதை விட்டுவிட்டு சினிமாப் பக்கம் வந்தார். யூதத் தகப்பனின் பிள்ளைக்குத் தொழில் அனுமதி இல்லை. அதனால் தாயின் குடும்பப் பெயரான சின்யோரேயை எடுத்துக்கொண்டு, கூட்டத்தில் ஒருத்தியாக நிண்டு நடித்தார்.

பிறகு நடந்தது பலருக்கும் தெரியும். 1952இல் 'காஸ்க் தோர்', 1955இல் 'லே தியபோலிக்', 1959இல் 'ரூம் அட் த டொப்'. இந்தக் கடைசிப் படம் 1960இல் ஒஸ்கார் விருதை வாங்கிக் குடுத்தது. அதே ஆண்டில், அல்ஜீரியப் போரில் ஆயுதம் தூக்க மறுக்கிற உரிமைக்காக வெளிவந்த '121 பேரின் அறிக்கை'யில் அவர் கையெழுத்துப் போட்டார். புகழ் வந்தபிறகு வாயைப் பொத்திக்கொண்டு இருக்கேல்லை.

வயது போனதையும் மறைக்கேல்லை. 1977இல் வந்த 'மடம் ரோசா'வில், அவுஷ்விட்சில் இருந்து தப்பி வந்து, பாலியல் தொழிலாளரின் பிள்ளைகளை வளர்க்கிற கிழவியாக நடித்தார். சீஸர் விருதும் கிடைத்தது.

அதற்கு முன்னமே, 1970களின் நடுப்பகுதியில், அவரது நினைவுக் குறிப்புகள் வந்துவிட்டன. பலரும் மறைக்கக்கூடிய அந்தப் பத்திரிகை வேலையை அதில் அவர் வெளிப்படையாகவே எழுதினார். போர் முடிந்தபிறகு எல்லாரும் தாங்கள் எதிர்த்து நிண்டதாகத்தான் சொல்லுவினம். இந்த மனுசி தான் எங்கே வேலைக்குப் போனன் எண்டதையும் சொன்னார்.

1985இல் வந்த நாவல் 'அதியூ வொலோதியா'. உக்ரேனிலும் போலந்திலும் இருந்து பாரிஸுக்கு வந்த யூதக் குடும்பங்களின் கதை. அதே ஆண்டு செப்டெம்பர் 30ஆம் திகதி, 64 வயதில் அவர் இறந்துபோனார்.

பிழைப்புக்காகத் தகப்பனின் பெயரைக் கழட்டி வைத்த ஒருத்தி, கடைசியில் அந்தத் தகப்பனின் ஆக்களைப் பற்றி எழுதிவிட்டுப் போனார். படங்களில் மற்றவர்கள் எழுதின வசனத்தைப் பேசினவர், இதைத் தன்ர சொல்லில் சொன்னார். படங்களைப் பார்த்தவர்கள் அந்தப் புத்தகங்களையும் தேடி வாசியுங்கோ.