பிலவாசல்

தென்காசிச் சீமையிலும் ஓர் ஆலங்குளம் உண்டு. நான் சொல்ல வருவது விருதுநகர் மாவட்டத்தில், வெம்பக்கோட்டைக்குப் பக்கத்தில், சிமெண்ட் ஆலையால் பெயர்பெற்ற ஆலங்குளத்தை. பருத்திமாறு பிடுங்கி முடிந்து சித்திரை வெயில் ஏறியபின் அவ்வூர்க் கரிசலில் நடந்தவர்கள் அறிவார்கள்: நிலம் பாளம் பாளமாக வெடித்து, உள்ளங்கை நுழையும் அகலத்தில் வாய் பிளந்து, சாட்டைக் கம்பை விட்டால் கம்பு முழுவதும் இறங்கியும் அடி தட்டாத ஆழத்துக்கு இருண்டு கிடக்கும். சிறு வயதில் அப்படியொரு வெடிப்பில் என் கோலிக்குண்டு உருண்டு விழுந்தபோது, முழங்கை வரை விட்டுத் துழாவிக்கொண்டிருந்த என்னைத் தூக்கி நிறுத்திய பாட்டி, "அது பாதாளத்துக்குப் போயிருச்சுய்யா, இனி நம்ம காலத்துல வராது" என்றாள். நம் காலத்தில் வராதது வேறொரு காலத்தில் வரக்கூடும் என்ற எண்ணம் அந்தப் பேச்சுக்குள் இருந்தது என்பதும், அந்த எண்ணம் அவளுடையது மட்டுமன்று, மிகப் பழமையானது என்பதும் எனக்கு வெகுநாள் கழித்தே விளங்கின.

காலமும் இடமும் கிழிந்து, ஓர் உலகத்திலிருந்து மற்றோர் உலகத்துக்கு வழி திறக்கும் கற்பனையை இக்காலத்துக் கதாசிரியர்கள் ஆகாயத்தில் வைத்து எழுதுகிறார்கள். நம் முன்னோர் அதைப் பூமியில் வைத்தார்கள். அதற்குப் பிலம் என்று பெயரும் இட்டார்கள். மதுரை நோக்கி வந்த கோவலனிடம் மாங்காட்டு மறையோன் மூன்று வழிகளை விவரிக்கும் சிலப்பதிகாரப் பகுதியில், இடப்பக்கத்து வழி திருமால்குன்றத்தை, அதாவது இன்றைய அழகர்மலையை அடைகிறது. அங்கே ஒரு பிலம் இருக்கிறது. அதில் புண்ணிய சரவணம், பவகாரணி, இட்டசித்தி என மூன்று பொய்கைகள் இருக்கின்றன. பவகாரணியில் நீராடியவனுக்குத் தன் பழம்பிறப்பு தெரிந்துவிடும். சிலம்பாற்றங்கரையில் வரோத்தமை என்னும் தெய்வப்பெண் நின்று, இம்மையின் இன்பம் எது, மறுமையின் இன்பம் எது, இவ்விரண்டையும் கடந்து நிலைப்பது எது என்று கேட்டு, விடை சொன்னவர்களுக்கே கதவைத் திறப்பாள். இத்தனை விரிவாகச் சொல்லப்பட்ட அந்த வாசலுக்குள் காப்பியத்தில் ஒருவரும் நுழைவதில்லை என்பதுதான் எனக்கு வியப்பூட்டும் விஷயம். பழம்பிறப்பின் பயனை இப்பிறப்பிலேயே கண்டுகொண்டிருக்கிறோமே, அதற்கு ஒரு பொய்கை எதற்கு என்னும் கருத்துப்பட மறுமொழி கூறிவிட்டு, கோவலனோடு வந்த சமணத் துறவி கவுந்தியடிகள் நடுவழியே நடக்கிறார். அந்த மறுமொழியின் கம்பீரத்தை நான் பன்முறை எண்ணி மகிழ்ந்ததுண்டு.

நுழைந்தவர்களின் கதை இராமாயணத்தில் இருக்கிறது. சீதையைத் தேடித் தென்திசை வந்த வானரர்கள் தாகத்தால் வாடி, இருண்ட பிலமொன்றில் ஒருவரையொருவர் பற்றிக்கொண்டு இறங்குகிறார்கள். உள்ளே மயன் நிருமித்த பொன்னகரத்தில் சுயம்பிரபை தவம் செய்துகொண்டிருக்கிறாள். கனியும் நீரும் கிடைக்கின்றன. கம்பனில் அனுமன் பேருருவம் எடுத்துப் பிலத்தைப் பிளந்து வெளியேறுகிறான். வால்மீகியிலோ, கண்களைக் கைகளால் மூடிக்கொள்ளுங்கள் என்று அவள் சொல்ல, மூடித் திறப்பதற்குள் அவர்கள் வெளியே நிற்கிறார்கள். நின்று பார்த்தால் மரங்களின் உச்சியெல்லாம் வசந்தகாலப் பூ. சுக்கிரீவன் கொடுத்திருந்த ஒரு மாதத் தவணை உள்ளே இருந்தபோதே தீர்ந்து போயிருக்கிறது. தவணை தப்பினால் தண்டனை மரணம். அங்கதன் புலம்புகிறான், தாரன் என்னும் வானரன், அரசனுக்கு அஞ்சிச் சாவதைவிட அந்தப் பிலத்துக்குள்ளேயே திரும்பிப் போய் வாழ்ந்துவிடலாம் என்று யோசனை சொல்கிறான். தினசரி காலண்டர் அச்சாகும் சிவகாசிக்கு அருகே வளர்ந்தவன் நான். நாள்தோறும் ஒரு தாளைக் கிழித்து நாட்கணக்குச் சரிபார்க்கும் வீட்டில் பிறந்தவனுக்கு, அறியாமலே ஒரு மாதம் கிழிபட்டுப் போனவர்களின் அந்தத் திகில் நன்றாகப் புரியும்.

புராணத்தில் இதைவிடப் பெரிய இழப்பும் உண்டு. மகள் ரேவதிக்கு வரன் கேட்கப் பிரம்மலோகம் சென்ற ககுத்மி மன்னன் ஒரு கானம் முடியும் வரை காத்திருந்தான். அதற்குள் பூமியில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்துவிட்டன.

எங்கள் பிரதேசத்தில் இந்த ஐதீகம் குடிகொண்டிருக்கும் இடம் சதுரகிரி. வத்திராயிருப்பை அடுத்த தாணிப்பாறையிலிருந்து ஏறி, ஆடி அமாவாசையில் சுந்தரமகாலிங்கத்தைத் தரிசித்து வரும் கரிசல் சனங்களிடம் கேட்டுப் பாருங்கள்: சித்தர்கள் அந்தக் குகைகளில் முன்னொரு காலத்தில் வாழ்ந்தார்கள் என்று ஒருவரும் சொல்லமாட்டார்கள், இருக்கிறார்கள் என்பார்கள். தவசிப்பாறையின் குறுகிய வாய்க்குள் உடலைக் குறுக்கித் தவழ்ந்து நுழைகிறவன், இறந்தகால வினைச்சொல்லை வெளியே விட்டுவிட்டுத்தான் நுழைகிறான். சிலப்பதிகாரத்துப் பிலத்துக்கும் இந்தக் குகைக்கும் நேர் வம்சாவளி காட்ட என்னால் இயலாது. ஆனால் மலையின் வயிற்றுக்குள் காலம் வேறு கணக்கில் ஓடுகிறது என்ற நம்பிக்கை ஒன்றேதான்.

2022-ஆம் ஆண்டில் தமிழ்நாடு தொல்லியல் துறை, வெம்பக்கோட்டையை அடுத்த விஜயகரிசல்குளத்தில், வைப்பாற்றங்கரை மேட்டில் அகழாய்வு தொடங்கியது. சங்கு வளையல்களும் சுடுமண் உருவங்களும் பொன்னாபரணமும் வெளிவந்தன. சதுரமாக வெட்டிய குழியில் மண்ணடுக்குகள் ஒன்றன்கீழ் ஒன்றாகத் தெரிய, கீழே போகப்போகக் காலம் பின்னால் செல்லும் என்பது அகழாய்வின் ஆதார விதி. அந்த விதியைக் குலைக்கவல்லது கரிசலின் வெடிப்பு. கோடையில் பிளந்த வாய்க்குள் மேல்மண் சரிகிறது; அதோடு ஓட்டுச்சில், கண்ணாடித் துண்டு, கோலிக்குண்டு எல்லாம் இறங்குகின்றன; முதல் மழையில் களிமண் ஊறி உப்பி வாயை மூடிக்கொள்கிறது; நேற்றைய பொருள் பழங்காலத்து மண்ணுக்குள் தங்கிவிடுகிறது. ஆகையால் கரிசலில் அகழ்பவர்கள் குழியின் சுவரைச் சுரண்டித் துடைத்து, மேலிருந்து கீழே ஆப்புப்போல் இறங்கும் வேற்றுமண்ணின் கோடு எங்கேனும் தென்படுகிறதா என்று பார்க்கவேண்டியிருக்கிறது. தென்பட்டால், அந்தக் கோட்டுக்குள் அகப்பட்டதைத் தனியே எடுத்து வைக்கிறார்கள். அதை எந்தக் காலத்துக் கணக்கிலும் சேர்ப்பதில்லை.