கண்ணால் பெயர்பெற்ற சிலந்தி

சிலந்தி என்றதும் வலைதான் நினைவுக்கு வரும். ஆனால் வலை பின்னாமல் வளையில் குடியிருக்கும் சிலந்திகளும் உண்டு. இவை மண்ணைக் குடைந்து, உட்சுவருக்கு நூல் பூசி, மண்ணும் நூலும் சேர்த்து வாயிலுக்கு ஒரு மூடி செய்துகொள்ளும். மூடியின் ஒரு பக்கம் கீல் வைத்ததுபோல் வளையோடு ஒட்டியிருக்கும். இரவில் அதைச் சற்றே தூக்கிக் காத்திருந்து, பக்கத்தில் வரும் பூச்சியைப் பாய்ந்து பிடித்து உள்ளே இழுத்துக்கொள்ளும். இந்தியாவில் இப்படி வாழும் சிலந்திகளில் முக்கியமான குடும்பம் இடியோபிடே.

பெயரின் வேர் 'இடியோப்ஸ்'. 1833இல் மாக்சிமிலியன் பெர்ட்டி ஒரு பேரினத்துக்கு வைத்த பெயர் அது. கிரேக்கத்தில் 'இடியோஸ்' என்றால் தனித்தன்மை உடையது; 'ஓப்ஸ்' என்றால் கண், முகம். இதன் எட்டுக் கண்களில் இரண்டு மட்டும் மற்ற ஆறையும் விட்டு விலகி, முகத்தின் முன்விளிம்பில் இருக்கும். கண்ணைப் பார்த்துப் பெயர் வைப்பது நமக்கும் பழக்கம்தான். திருவானைக்காவில் பந்தலிட்ட சிலந்தி மறுபிறவியில் சோழனாகி, சிவந்த கண்ணோடு பிறந்ததால் கோச்செங்கணான் என்று பெயர் பெற்றதாகப் பெரியபுராணம் சொல்கிறது.

இப்பேரினத்தின் பெயரைத் தாங்கி, டெனிசிடே குடும்பத்தின் கிளையாக எண்ணப்பட்டு வந்த இடியோபிடேயை 1985இல் சிலந்தி ஆய்வாளர் ராபர்ட் ரேவன் தனிக் குடும்பமாக உயர்த்தினார்.

சிற்றினப் பெயர்கள் வேறு வழியில் போகின்றன. விலங்கியலாளர் போகாக் 1900இல் இந்தியச் சிலந்திகள் இரண்டுக்கு வைத்தவை 'கன்ஸ்ட்ரக்டர்', 'ஃபோசர்'. லத்தீனில் கட்டுபவன், தோண்டுபவன். தாடையிலுள்ள முள்வரிசைக்குக்கூட 'ராஸ்டெல்லம்', அதாவது மண்கிளறும் சிறு வாரி என்றே பெயர். இவையெல்லாம் தொழிலைப் பார்த்து வைத்தவை.

ஊரைப் பார்த்து வைத்தவையும் உண்டு. இலங்கைச் சிலந்தி ஒன்றுக்குச் சிமோன் 1892இல் 'டாப்ரோபானிகஸ்' என்று பெயரிட்டார். பண்டைக் கிரேக்கர் இலங்கையை அழைத்த 'தாப்ரொபனே' அதில் இருக்கிறது. அச்சொல்லைத் தாமிரபரணியோடு இணைத்துச் சொல்வார்கள். பி.கே. டிக்காடர் 1977இல் வைத்த பெயர் 'மெட்ராசென்சிஸ்', மதராசைச் சேர்ந்தது. மாநிலம் 1969இலேயே தமிழ்நாடு ஆகியிருந்தது. நகரமும் 1996இல் சென்னை ஆயிற்று. சிலந்தி மட்டும் இன்னும் மதராசுக்காரிதான்.

விலங்குப் பெயரீட்டு விதி அப்படி. பேரினம் மாறலாம், பொருந்தவில்லை என்பதற்காகச் சிற்றினப் பெயரை மாற்ற முடியாது. டிக்காடர் பெயரும் ஆண்டும் அடைப்புக்குறிக்குள் அச்சாவதே, அவர் இந்தச் சிலந்தியை முதலில் வேறொரு பேரினத்தில் வைத்தார் என்பதற்கு அடையாளம். ஊர்களுக்கு இந்தக் கட்டு இல்லை. இன்றைய விருத்தாசலம் தேவாரக் காலத்தில் முதுகுன்றம். அதன் பொருளையே வடமொழியில் சொல்லிப் புதுப்பெயர் ஆக்கினார்கள்.

ஊரால் வந்த பெயர் ஊரோடு பழசாகிவிடுகிறது. தோண்டுபவன் என்ற பெயரோ, அது தோண்டுகிறவரை பொருந்தும். தமிழில் இச்சிலந்திகளுக்குப் பெயர் தேடுபவர்கள் போகாக் வழியில் போகலாம்: கதவுச் சிலந்தி என்றாலே போதும், செய்யும் வேலை விளங்கிவிடும்.