பந்து எறியும் கையும் தார் சுற்றும் கையும்

சென்னிமலைப் போர்வையும் துண்டும் ஊர் ஊராய்ப் போகின்றன. ஒரு போர்வை தறியை விட்டு இறங்குவதற்கு முன்னால் நூலைப் பிரித்து, இராட்டையில் தார் சுற்றி, தறிக்காரரின் கைக்கு எட்டும்படி யாரோ வைத்திருக்க வேண்டும். பெரும்பாலும் அந்த யாரோ வீட்டுப் பெண்தான். சமைத்துக்கொண்டும் பிள்ளையைப் பார்த்துக்கொண்டும் நடுவில் செய்கிற வேலை அது. கூலி நெய்த துணிக்குத்தான். தார் சுற்றியது அந்தக் கூலிக்குள் கரைந்துவிடும். பெண்கள் தறியில் உட்கார்ந்து நெய்தாலும் தார் சுற்றுகிற வேலை அவர்களை விட்டுப் போவதில்லை.

கொங்கு நாட்டின் புகழ்பெற்ற ஒரு கையைப் பற்றி எழுதும்போது இந்தக் கணக்கை மறக்காமல் இருப்பது நல்லது. சேலத்துக்கு மேற்கே, இதே நெசவு நிலத்தில், சின்னப்பம்பட்டியில் வளர்ந்தவர் தங்கராசு நடராஜன். இடது கை வேகப்பந்து வீச்சாளர். அமெரிக்காவில் பேஸ்பால் ஆட்டக்காரர் பந்தெறிந்தே வாழ்வதுபோல, பந்து வீசுவதையே தொழிலாக்கிக்கொண்டவர். தந்தை நெசவுக் கூலி. தாய் சாலையோரத்தில் கோழிக்கறிக் கடை போட்டவர். ஐந்து பிள்ளைகளில் நடராஜன் மூத்தவர். அவருக்குப் பின் தங்கைகள் மூவர், தம்பி ஒருவர்.

இருபது வயதுவரை அவர் ஆடியது டென்னிஸ் பந்தில்தான். ஊர்ப் போட்டிகளில் அவர் வீசியதைக் கவனித்த ஜெயபிரகாஷ் அவரைச் சென்னைக்கு அனுப்பினார். அங்கே நான்காம் டிவிஷன் லீக்கில் தொடங்கி, 2015 ஜனவரியில் ரஞ்சி அணிக்குள் வந்தார். முதல் ஆட்டத்திலேயே அவர் பந்து வீசும் முறை மீது சந்தேகம் எழுந்தது. கையைத் திருத்திக்கொண்டு, 2016இல் டிஎன்பிஎல் போட்டியில் மீண்டும் எழுந்தார். 2017 ஐபிஎல் ஏலத்தில் பஞ்சாப் அணி அவரை 3 கோடி ரூபாய்க்கு எடுத்தது.

இந்தக் கதையை வறுமையை வென்ற இளைஞனின் கதையாகவே நமக்குச் சொல்லியிருக்கிறார்கள். அது உண்மைதான். ஆனால் கை திருந்துவதற்காகக் காத்திருந்த அந்த மாதங்களில் வீட்டில் அடுப்பு எரிந்தது எப்படி? கோழிக்கறிக் கடையை அந்தத் தாய் நாள் தவறாமல் திறந்ததால்தான் மகனுக்குக் காத்திருக்க நேரம் கிடைத்தது. திறமையை வளர்ப்பது நேரம். அந்த நேரத்தைச் சம்பாதித்துக் கொடுத்தவரின் கை எந்த ஸ்கோர் பலகையிலும் வராது.

2020 ஐபிஎல்லில் 16 விக்கெட் எடுத்தபின், நடராஜன் வலைப் பயிற்சிக்குப் பந்து வீசுபவராக ஆஸ்திரேலியா சென்றார். டிசம்பர் 2இல் ஒருநாள் ஆட்டம், டிசம்பர் 4இல் டி20, 2021 ஜனவரி 15இல் பிரிஸ்பேன் டெஸ்ட். ஒரே பயணத்தில் மூன்று வகை ஆட்டங்களிலும் அறிமுகமான முதல் இந்தியர் அவர். அந்த நவம்பரில் அவருக்கு மகள் பிறந்திருந்தாள். குழந்தையின் முகம் பார்க்க அவர் ஜனவரிவரை காத்திருந்தார். அதே பயணத்தில் அணித்தலைவர் விராட் கோலி மனைவியின் பிரசவத்துக்காக முதல் டெஸ்டுடன் நாடு திரும்பினார். ஒருவருக்கு ஒரு விதி, இன்னொருவருக்கு வேறு விதியா என்று சுனில் கவாஸ்கர் வெளிப்படையாகவே கேட்டார். கேள்வி நியாயமானது. அந்த வாரங்களில் பச்சைக்குழந்தையோடு விழித்திருந்த பெண்ணின் பக்கமிருந்தும் அதைக் கேட்டிருக்கலாம்.

சரி, அதே வீட்டில் அதே இடது கை ஒரு பெண்ணுக்கு வாய்த்திருந்தால்? முதலில், ஊர்ப் போட்டிக்கு அவளை யார் அனுப்பியிருப்பார்கள்? அனுப்பியிருந்தாலும் எந்த ஏணியில் ஏறியிருப்பாள்? இந்தியப் பெண்கள் கிரிக்கெட் சங்கம் 1973இல் உருவானது. ஆண்களின் வாரியத்தோடு அது இணைய 2006 ஆனது. வீராங்கனைகளுக்கு ஆண்டு ஒப்பந்தம் 2015இல்தான் வந்தது. ஆட்டக் கட்டணம் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒன்று என்று அறிவித்தது 2022இல். ஐபிஎல் 2008இல் தொடங்க, பெண்களின் லீக் 2023வரை காத்திருந்தது.

சென்னையைச் சேர்ந்த நிரஞ்சனா நாகராஜனும் வேகப்பந்து வீச்சாளர்தான். எட்டு ஆண்டுகளுக்குப் பிறகு இந்தியப் பெண்கள் ஆடிய டெஸ்ட், 2014 ஆகஸ்டில் இங்கிலாந்தின் வார்ம்ஸ்லியில் நடந்தது. தன் முதல் டெஸ்டில் அவர் 19 ரன் கொடுத்து 4 விக்கெட் எடுத்தார். இங்கிலாந்து 92 ரன்னுக்குச் சுருண்டது, இந்தியா வென்றது. அந்த நவம்பரில் மைசூரில் தென்னாப்பிரிக்காவோடு இன்னொரு டெஸ்ட், இன்னொரு வெற்றி. அதன்பின் 2021 ஜூன்வரை இந்தியப் பெண்களுக்கு ஒரு டெஸ்ட்கூட இல்லை. மீண்டும் தொடங்கியபோது அணியில் நிரஞ்சனா இல்லை. ஒரு பந்து வீச்சாளரின் நல்ல வயது காலியான அட்டவணையில் கழிந்தது.

அமெரிக்காவிலும் இப்படித்தான். மேமி ஜான்சன் என்ற கறுப்பினப் பெண் வெள்ளையர் நடத்திய பெண்கள் பேஸ்பால் லீக்கின் தேர்வுக்குப் போனபோது, நிறத்தைக் காரணமாக்கித் திருப்பி அனுப்பினார்கள். 1953 முதல் 1955வரை அவர் கறுப்பின ஆண்களின் இண்டியானாபோலிஸ் கிளவுன்ஸ் அணிக்காகப் பந்தெறிந்தார். அங்கிருந்து வந்தபின் பல ஆண்டுகள் செவிலியாக வேலை பார்த்தார். பெண்ணின் கைக்குத் திறமை இருந்தும் அதைத் தொழிலாக்கும் கதவு இல்லாதபோது, அவள் இன்னொருவரைப் பராமரிக்கும் வேலைக்கே திரும்புகிறாள்.

நடராஜன் பிறகு தன் ஊரிலேயே ஒரு கிரிக்கெட் மைதானம் அமைத்தார். நல்ல காரியம். சென்னிமலையிலோ சின்னப்பம்பட்டியிலோ மாலையில் எந்த மைதானத்தைக் கடந்தாலும் நாம் ஒன்றைக் கவனிக்கலாம்: அங்கே எத்தனை பெண் பிள்ளைகள் பந்தெறிகிறார்கள், அந்த நேரத்தில் எத்தனை பேர் வீட்டில் தார் சுற்றுகிறார்கள். நம் விளையாட்டு வரலாற்றை அந்த இரண்டு எண்களையும் அருகருகே வைத்துத்தான் எழுத வேண்டும்.