அணு என்னும் சொல்

1945 ஆகஸ்டில் ஹிரோஷிமாவும் நாகசாகியும் அழிந்த செய்தியோடு ‘அணுகுண்டு’ என்னும் தொடர் தமிழரின் நாவில் ஏறியது. குண்டு புதிது, அணு பழஞ்சொல். சமயவாதிகளின் வாதிலும் இலக்கண நூற்பாவிலும் அது பல நூற்றாண்டுகள் பழகியிருந்தது.

அணு வடசொல். நுண்ணிய என்னும் பண்பை உணர்த்தும் அடையாக அது பண்டு வழங்கியது. கடோபநிடதம் ஆன்மாவை நுண்ணியதினும் நுண்ணியது என்னுமிடத்து இப்பொருளே காணப்படும். அணுகு, அண்மை என்பவற்றோடு சேர்த்து இதனைத் தனித்தமிழாகக் காட்ட முயல்வோரும் உளர். அண்மை வேறு, நுண்மை வேறு. ஒலியொப்புமை ஒன்றே வேர் காட்டாது. கணாதர் பெயரால் வழங்கும் வைசேடிகத்தில் இச்சொல் பொருட்பெயராகிறது. பகுக்கவொண்ணாத பரமாணு இரண்டு கூடின் துவியணுகம். அது மூன்று கூடின் திரியணுகம். சாளரத்து வெயிலில் மிதக்கும் துகளே திரியணுகம் என்பர்.

தமிழில் அணுக்கொள்கை விரிவாகப் பேசப்படும் பழைய இடம் மணிமேகலையின் சமயக்கணக்கர்தந் திறங்கேட்ட காதை. வஞ்சி நகரில் ஆசீவகவாதி மணிமேகலைக்குத் தன் கொள்கையை உரைக்கிறான். நிலம், நீர், தீ, காற்று என்பவற்றோடு உயிரும் அணுவே. அணுக்கள் புதிதாய்த் தோன்றா, அழியா, ஒன்றினுள் ஒன்று புகா, செறிந்து மலையாகும். தனியணுவைத் தெய்வக் கண்ணுடையோரே காண்பர். ஏனையோர் காண்பது திரளை மட்டுமே. மாலைப்பொழுதில் ஒற்றை மயிர் புலப்படாது, மயிர்த்திரள் புலப்படும் என்பது அவன் காட்டும் உவமை. ஆசீவகரின் சொந்த நூல் ஒன்றேனும் இன்று எஞ்சவில்லை. 1951 இல் அவர்தம் வரலாற்றை எழுதிய ஏ. எல். பாஷம், மணிமேகலை, நீலகேசி, சிவஞானசித்தியார் பரபக்கம் ஆகியவற்றை நாட வேண்டியிருந்தது. மறுத்தோர் ஏட்டிலேயே மறுக்கப்பட்டோரின் அணு பிழைத்தது.

கவிஞர்க்கு இன்னும் நெருக்கமானது நன்னூல். எழுத்துக்கு இலக்கணம் கூறும் பவணந்தி முனிவர், மொழிக்கு முதற்காரணமாய், அணுத்திரளால் ஆகிய ஒலியே எழுத்து என்கிறார். இஃது உவமையன்று. வைசேடிகர்க்கு ஒலி ஆகாயத்தின் குணம். சமணர்க்கோ அது புற்கலம், அதாவது சடப்பொருள். ஆதலின் அதற்கும் அணு உண்டு. எழுத்தின் பிறப்பை உந்தியிலிருந்து எழும் காற்றோடு நிறுத்திய தொல்காப்பியத்தினும் இது வேறோர் அடிவைப்பு. ஒரு சமயத்தின் பொருளியல், சமயம் கடந்து எல்லாரும் பாடம் கேட்ட இலக்கணத்தில் ஒற்றைத் தொடராக நுழைந்து தங்கிவிட்டது. பல தலைமுறையாகச் சைவ மாணாக்கரும் அதனை மனனம் செய்தனர்.

சைவ ஆகமங்களோ உயிரையே அணு என்றன. வியாபகமான உயிர் மலத்தால் சுருங்கி அணுத்தன்மை எய்துகிறது. அவ்வாறு சுருக்கும் மலமே ஆணவம். இன்று செருக்கைக் குறிக்கும் அச்சொல் சிறுமையினின்றே பிறந்தது என்பது சுவையான முரண்.

அணுவைத் துளைத்து ஏழு கடலைப் புகுத்தியதாகத் திருவள்ளுவமாலையில் ஔவையார் பெயரால் வரும் பாராட்டைக் கொண்டு, அணுப்பிளவு பண்டைத் தமிழர் அறிந்ததே என மேடைகளில் கூறுவதுண்டு. அதே மாலையில் இடைக்காடர் கடுகைத் துளைக்கிறார். கடுகினும் சிறிதொன்றை நாடிய புலமை அது, ஆய்வுக்கூடச் செய்தியன்று. யுரேனியப் பிளவு கண்டறியப்பட்டது 1938 இல்.

கிரேக்கச் சொல்லுக்கு நேர்ந்த சங்கடம் வேறு. ‘அதோமோஸ்’ என்றால் வெட்டவொண்ணாதது. 1897 இல் ஜே. ஜே. தாம்சன் எலக்ட்ரானைக் கண்டபோது அப்பெயர் பொய்த்தது. பெயரை மாற்றத்தான் ஒருவரும் துணியவில்லை. சிறியது என்று மட்டும் சொன்ன அணுவுக்கு அத்தொல்லை இல்லை. ஆயினும் அதன் இன்றைய பொருள் எங்கும் ஒன்றன்று. தமிழ்ப் பாடநூலில் அணுக்கள் சேர்ந்தது மூலக்கூறு. இந்தியிலும் தெலுங்கிலும் பரமாணுக்கள் சேர்ந்ததே அணு. தெலுங்கு அறிவியல் கட்டுரையைத் தமிழாக்குவோர் சற்றே அயர்ந்தால், நீரின் மூலக்கூறு தமிழில் அணுவாகிவிடும்.